கட்டிங் மெஷின் கொடுப்பவர்கள் கொஞ்சம் இதையும் சொல்லிக்கொடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

நம் பிள்ளைகளுக்கும் வீட்டிலிருக்கும் பெண்களுக்கும் சிறுதொழில் செய்ய மெஷின் எடுத்துக் கொடுக்கிற செய்திகள் தமிழ்ப் பத்திரிகைகளில் அடிக்கடி வருகின்றன. முன்பு தையல் மெஷின், அப்புறம் கேக் அடுப்பு, இப்போது ஸ்டிக்கர் வெட்டும் கட்டிங் மெஷின். படத்தில் எல்லாரும் சிரித்துக்கொண்டு நிற்கிறார்கள், சந்தோஷம்தான். படம் எடுத்து முடிந்த பிறகு அந்த மெஷின் ஓடுகிறதா இல்லையா என்று யாராவது போய்ப் பார்க்கிறார்களா என்பதுதான் என் கேள்வி.

நான் மலேசியாவின் பேராக் மாநிலத்தில் சுங்கை சிப்புட்டில் ஸ்டிக்கர் கடை வைத்திருக்கிறேன். லோரிக் கதவில் கம்பெனி பெயர், கோயில் திருவிழா போர்டு, தமிழ்ப்பள்ளி விளையாட்டுப் போட்டிச் சட்டை, தைப்பூச நேரத்தில் ஈப்போ கல்லுமலைக்குப் போகிற வேன்களுக்கு வேல் படம், இவைதான் பிழைப்பு. கடைக்கு வருகிறவர்களில் வேலை கொடுக்க வருகிறவர்களைப் போலவே "அண்ணே, மெஷின் ஓடுது, ஆனா நான் வரைஞ்சது வர மாட்டேங்குது" என்று கேட்க வருகிறவர்களும் உண்டு. தோட்டத்தை விட்டு வெளியே வந்து தாமானில் (வீடமைப்புப் பகுதியில்) குடியிருக்கும் குடும்பங்கள், கூலி வேலைக்குப் பக்கத்தில் இன்னொரு வருமானம் வேண்டும் என்று சேர்த்து வைத்த காசில் வாங்கியவர்கள், உதவித்திட்டத்தில் கிடைத்தவர்கள். அவர்களிடம் திறமை இல்லாமல் இல்லை. மெஷினும் பெரும்பாலும் நல்ல மெஷின்தான். கம்ப்யூட்டரில் வரைந்த படம் மெஷினுக்குப் போய்ச் சேருகிற வழி ஒன்று இருக்கிறது, அதைத்தான் அவர்களுக்கு யாரும் சொல்லித்தரவில்லை. விற்றவர் பேப்பர் போடுவது எப்படி, பிளேடு மாற்றுவது எப்படி என்று காட்டிவிட்டுப் போய்விடுகிறார். பயிற்சி கொடுத்தவர் இல்லஸ்ட்ரேட்டர் என்ற படம் வரையும் மென்பொருளில் பூ வரையச் சொல்லிக்கொடுத்துவிட்டுப் போய்விடுகிறார். நடுவில் இருப்பதை யாரும் தொடுவதில்லை.

அந்த நடுப்பகுதி என்ன என்று தெரியாத வாசகர்களுக்காகச் சொல்கிறேன். கட்டிங் மெஷினுக்குப் படம் தெரியாது, நிறம் தெரியாது. கத்தியைத் தூக்கு, இந்த இடத்துக்குப் போ, கத்தியை இறக்கு, இங்கிருந்து அங்கே இழு, இவ்வளவுதான் அதற்குப் புரியும். பல மெஷின்கள் பேசும் மொழிக்கு ஹெச்பிஜிஎல் என்று பெயர். ஹியூலெட் பேக்கார்ட் நிறுவனம் 1970களில் பேனாவால் படம் வரைகிற தன்னுடைய பிளாட்டர் மெஷின்களுக்காக உருவாக்கியது, பேனா இருந்த இடத்தில் இன்று கத்தி இருக்கிறது. அதில் கத்தி நகர்கிற ஒரு படி என்பது 0.025 மில்லிமீட்டர், ஒரு மில்லிமீட்டருக்கு 40 படி. நாம் வரைகிற கோட்டை இந்தக் கட்டளைகளாக மாற்றி மெஷினுக்கு அனுப்புவதுதான் பிளக்-இன் என்ற இணைப்பு மென்பொருள் செய்கிற வேலை. ரோலண்ட் மெஷினுக்குக் கட்ஸ்டூடியோ, கிராப்டெக்குக்குக் கட்டிங் மாஸ்டர், மிமாக்கிக்கு ஃபைன்கட் என்று இந்தக் கம்பெனிகளுக்கு ஆளுக்கு ஒன்று இருக்கிறது. இவை இல்லஸ்ட்ரேட்டருக்குள்ளோ கோரல்டிரா என்ற இன்னொரு வரைகிற மென்பொருளுக்குள்ளோ ஒரு மெனுவாக வந்து உட்காரும். படத்தை வேறு எங்கும் கொண்டுபோகாமல் அங்கிருந்தே அனுப்பலாம். சில்லவுட் மெஷின்காரர்களும் கனெக்ட் என்ற பெயரில் ஒன்று வைத்திருக்கிறார்கள், அதைத் தனியாகக் காசு கொடுத்து வாங்க வேண்டும். கிரிக்கட் என்ற மெஷினுக்கு இப்படிக் கிடையாது, எஸ்விஜி போன்ற கோட்டுப் படக் கோப்பாகச் சேமித்து அவர்களுடைய டிசைன் ஸ்பேஸ் மென்பொருளுக்குள் ஏற்றித்தான் வெட்ட முடியும். 2021 மார்ச்சில் அந்தக் கம்பெனி சந்தா கட்டாதவர்கள் மாதத்துக்கு 20 படம்தான் ஏற்றலாம் என்று அறிவித்தது, உலகம் முழுக்க வாங்கியவர்கள் சண்டை போட்டதும் சில நாளில் திரும்பப் பெற்றுக்கொண்டது. மெஷின் நம்முடையதாக இருந்தாலும் அனுப்புகிற வழி இன்னொருவர் கையில் இருந்தால் என்ன நடக்கும் என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

அதனால் மெஷின் வாங்கப் போகிறவர்கள் கேட்க வேண்டிய முதல் கேள்வி விலை அல்ல. என் கம்ப்யூட்டரில் இருக்கிற இந்த மென்பொருளின் இந்த ஆண்டுப் பதிப்பிலிருந்து இந்த மெஷினுக்கு நேரே அனுப்ப முடியுமா, முடியும் என்றால் இப்போதே என் கண் முன்னால் அனுப்பிக் காட்டுங்கள் என்று கேட்க வேண்டும். அடோபி 2013 முதல் புதிய இல்லஸ்ட்ரேட்டரைச் சந்தா முறையில்தான் கொடுக்கிறது, ஆண்டுதோறும் புதிய பதிப்பு வருகிறது, பதிப்பு மாறினால் பழைய பிளக்-இன் பல நேரங்களில் மெனுவிலிருந்து காணாமல் போய்விடும். மெஷின் கம்பெனி புதிய பிளக்-இன் வெளியிடும்வரை வேலை நிற்கும். நான் பிளக்-இன் வந்துவிட்டதா என்று பார்த்துவிட்டுத்தான் பதிப்பையே மாற்றுவேன், அதுவரை "அப்டேட்" பொத்தான் பக்கமே போவதில்லை. ஊரில் பலர் வைத்திருக்கிற திருட்டுப் பதிப்புகளில் இன்னும் மோசம், பிளக்-இன் போடுகிற புரோகிராம் அந்த மென்பொருள் எங்கே இருக்கிறது என்றே கண்டுபிடிக்காமல் நின்றுவிடும். அப்புறம் மெஷின் சரியில்லை என்று விற்றவரிடம் சண்டை.

இன்னொரு விஷயம், இது தமிழில் வேலை செய்கிறவர்களுக்கு உள்ளது. ஆங்கிலத்திலும் மலாயிலும் போர்டு அடிக்கிறவர்களுக்கு இந்தத் தலைவலியே கிடையாது, அதனால் அவர்கள் நடத்தும் பயிற்சியில் இது வரவும் வராது. இல்லஸ்ட்ரேட்டரைப் புதிதாகப் போட்டு அப்படியே தமிழில் தட்டினால் பல நேரங்களில் கொம்பு எழுத்துக்கு முன்னால் வராமல் பின்னால் போய் உட்காரும், "கோ" என்று தட்டினால் துணைக்காலும் கொம்பும் தனித்தனியாகக் கிடக்கும். ப்ரெஃபரன்சஸில் டைப் என்ற பகுதிக்குப் போய் இந்திய மொழிகளுக்கான வசதியைக் காட்டச் சொல்லி, பத்தி அமைப்பில் தெற்காசிய கம்போசரைத் தேர்ந்தெடுத்தால் சரியாகிவிடும், ஒரு நிமிட வேலை. இது தெரியாததால்தான் எத்தனையோ கோயில் போர்டுகளில், கல்யாண மண்டப வாசல்களில், ஏன் சில தலைவர்களின் தீபாவளி வாழ்த்துப் பேனர்களில்கூட, உடைந்த தமிழைப் பார்க்கிறோம். பிளக்-இன் எழுத்துப்பிழை பார்க்காது, உடைந்து கிடந்தால் உடைந்ததையே சுத்தமாக வெட்டிக் கொடுக்கும். வெட்டுகிறவர் தமிழ் தெரியாதவராக இருந்தால் கதை முடிந்தது. இத்தனைக்கும் கம்ப்யூட்டரில் தமிழ் எழுத்தைக் கொண்டுவந்ததில் நம் நாட்டுக்குப் பெரிய பங்கு இருக்கிறது. முரசு அஞ்சலும் செல்லினமும் செய்த முத்து நெடுமாறன் நம் மலேசியர், ஆப்பிள் கம்ப்யூட்டரோடு வருகிற இணைமதி எழுத்துருவும் அவர் செய்ததுதான்.

எழுத்து சரியாக வந்துவிட்டது என்று உடனே அனுப்பிவிடவும் கூடாது. முதலில் அதைக் கோடாக மாற்ற வேண்டும், இல்லஸ்ட்ரேட்டரில் கிரியேட் அவுட்லைன்ஸ், கோரலில் கன்வர்ட் டு கர்வ்ஸ், இங்க்ஸ்கேப் என்ற மென்பொருளில் ஆப்ஜெக்ட் டு பாத். மாற்றிய பிறகு கோடு மட்டும் தெரிகிற அவுட்லைன் பார்வைக்குப் போய் உற்றுப் பாருங்கள். பல தமிழ் எழுத்துருக்களில் "கி", "தி", "ரி" போன்றவற்றில் மெய்யும் விசிறியும் (மேலே வளைகிற இகரக் குறியும்) தனித்தனி வடிவமாக ஒன்றின் மேல் ஒன்று ஏறிக் கிடக்கும். திரையில் கறுப்பாக நிரப்பியிருப்பதால் ஒரே எழுத்து மாதிரி தெரியும். கத்திக்கு இரண்டு வடிவம் என்றால் இரண்டு வெட்டு, அது எழுத்தின் வயிற்றுக்குள்ளேயே குறுக்கே வெட்டிவிட்டுப் போகும். ஒட்டி முடித்துக் கொஞ்ச நாளில் வெயிலில் அந்த இடம் பிளந்து தூக்கிக்கொள்ளும். இல்லஸ்ட்ரேட்டரில் யுனைட், கோரலில் வெல்ட், இங்க்ஸ்கேப்பில் யூனியன், எதுவாக இருந்தாலும் ஒன்றாகச் சேர்த்துவிட்டுத்தான் அனுப்ப வேண்டும். ஸ்ரீ என்ற எழுத்தை மட்டும் இரண்டு முறை பார்ப்பது நல்லது, எழுத்துருவுக்கு எழுத்துரு அது ஒவ்வொரு மாதிரி செய்யப்பட்டிருக்கும், கோயில் போர்டில் முதல் எழுத்தே அதுதான். இதேபோல் தடித்த பார்டர் போட்ட எழுத்து என்றால் பார்டரையும் வடிவமாக மாற்றியிருக்க வேண்டும், இல்லாவிட்டால் மெஷின் பார்டரின் நடுக்கோட்டில் ஒரே ஒரு வெட்டு வெட்டிவிட்டு வேலை முடிந்தது என்று நின்றுவிடும்.

புள்ளியைப் பற்றித் தனியாக எழுதலாம். கட்டிங் மெஷினின் கத்தி முனை அச்சின் நடுவில் இருக்காது, கொஞ்சம் பின்தங்கி இழுபட்டு வரும், சாதாரணமாக 0.25 மில்லிமீட்டர். அந்த அளவைப் பிளக்-இன்னிலோ மெஷினிலோ சரியாகக் கொடுக்காவிட்டால் வட்டம் ஆரம்பித்த இடத்தில் வந்து மூடாது, மூலைகள் எல்லாம் மழுங்கும். ஆங்கில எழுத்தில் இது சட்டென்று தெரியாது. தமிழில் வரிக்கு வரி புள்ளி, ஒவ்வொரு புள்ளியும் ஒரு குட்டி வட்டம், கோளாறு இருந்தால் அங்கேதான் முதலில் தெரியும். அதனால் புதிய பிளேடு போட்டாலும் புதிய வினைல் (ஸ்டிக்கர் பிளாஸ்டிக் தாள்) போட்டாலும் நான் "ம்" என்ற ஒரே எழுத்தை வெட்டிப் பார்ப்பேன், புள்ளி சுத்தமாக மூடியிருந்தால் மீதி எல்லாம் சரியாக வரும். நம் எழுத்துகள் வளைந்தவை என்பதால் இன்னொன்றும் உண்டு. பல பிளக்-இன்கள் வளைவுகளைச் சின்னச் சின்ன நேர்கோடுகளாக மாற்றித்தான் அனுப்புகின்றன. அந்த அளவு முரடாக இருந்தால் "ண", "ஞ" எல்லாம் உளியால் செதுக்கினது மாதிரி பட்டை பட்டையாக வரும், வளைவின் நுணுக்கத்தை ஏற்றிவிட்டால் போதும். சின்ன எழுத்தாக வேண்டும், ஃபோன் கவருக்கு என்று கேட்பவர்களிடம் நான் முகத்துக்கு நேரே சொல்லிவிடுவேன், எழுத்து ஒரு சென்டிமீட்டருக்குக் கீழே போனால் உரிக்கும்போது புள்ளியும் கூடவே வந்துவிடும், "கண்ணன்" வீட்டுக்குப் போகும்போது "கணணன" ஆகிவிடும்.

அளவு மாறிப் போவதுதான் அதிகக் காசை விழுங்குகிறது. இல்லஸ்ட்ரேட்டர் ஓர் அங்குலத்தை 72 பங்காகக் கணக்குப் போடுகிறது, வெட்டுகிற மென்பொருள்களில் பல 96 பங்காகக் கணக்குப் போடுகின்றன. எஸ்விஜியாகச் சேமித்துக் கொண்டுபோனால் 100 சென்டிமீட்டர் பேனர் எழுத்து 75 சென்டிமீட்டராக வந்து நிற்கும். இங்க்ஸ்கேப்பும் 2017இல் 0.92 பதிப்பு வந்தபோது 90லிருந்து 96க்கு மாறியது, அதற்கு முன்னால் வரைந்து வைத்த கோப்பைத் திறந்து கேட்கிற கேள்விக்குக் கவனிக்காமல் பதில் சொன்னால் 16 அங்குலம் 15 ஆகிவிடும். லோரிக் கதவுக்கு அளந்து வரைந்தவர்களுக்கு அந்த ஓர் அங்குலம் எவ்வளவு பெரிது என்று தெரியும். நேரே பிளக்-இன் வழியாக அனுப்பினால் இந்தத் தொல்லை பெரும்பாலும் வராது, நான் பிளக்-இன்னை விரும்புவதற்கு இதுவே பெரிய காரணம். எப்படி அனுப்பினாலும் ஓரத்தில் 10 சென்டிமீட்டருக்கு ஒரு சதுரம் வரைந்து அதையும் சேர்த்து வெட்டிவிட்டு அடிக்கோலால் அளந்து பாருங்கள், அதற்குப் பிறகு நல்ல வினைலைப் போடுங்கள்.

சட்டையில் சூடு வைத்து ஒட்டுவதற்கு வெட்டுகிற ஹீட் பிரஸ் வினைல் என்றால் கண்ணாடியில் தெரிவது போலத் திருப்பி வெட்ட வேண்டும் என்று எல்லாருக்கும் தெரியும், ஆனாலும் மறந்துவிடுகிறார்கள், பிளக்-இன்னில் மிரர் என்ற டிக் இருக்கிறது. அச்சடித்த ஸ்டிக்கரைச் சுற்றி வெட்டுவதென்றால் மூலையில் வைக்கிற அடையாளக் குறிகளைப் பிளக்-இன்னே போட்டுக் கொடுக்கும். குறி வைத்த பிறகு படத்தைப் பெரிதாக்குவதோ நகர்த்துவதோ கூடாது, பளபளப்பான பிளாஸ்டிக் ஒட்டிவிட்டால் சில மெஷின்களின் கண்ணுக்குக் குறி தெரியாது, அவ்வளவுதான்.

வாட்ஸ்அப்பில் வந்த கோயில் சின்னத்தைக் கொண்டுவந்து இதை வெட்டிக் கொடுங்கள் என்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. அது நிறப் புள்ளிகளால் ஆன படம், அதில் வெட்டுவதற்குக் கோடே இல்லை. ஆட்டோ டிரேஸ் போட்டால் கோடு வரும், ஆனால் மங்கலான படத்தின் ஓரம் முழுக்க நூற்றுக்கணக்கான முனைகளோடு வரும், ஒவ்வொரு முனையிலும் கத்தி தயங்கித் தயங்கி வினைலைக் கிழித்துவிடும். பாதி முனையையாவது எடுத்துவிட்டு வளைவைச் சரிசெய்ய வேண்டும், அல்லது உட்கார்ந்து மறுபடி வரைய வேண்டும். எங்கள் கூலி அதற்குத்தான், "வெட்டுறதுக்கு அஞ்சு நிமிஷம்தானே" என்று பேரம் பேசுகிறவர்கள் தயவுசெய்து இதை நினைத்துக்கொள்ளுங்கள்.

விலை குறைந்த சீன மெஷின் வைத்திருப்பவர்கள்தான் என்னிடம் அதிகம் வருகிறார்கள். அவற்றுக்கு இல்லஸ்ட்ரேட்டருக்குள் உட்காருகிற சொந்தப் பிளக்-இன் பெரும்பாலும் இருக்காது, பெட்டியோடு ஒரு பழைய சிடி வரும், இன்றைய லேப்டாப்பில் சிடி போட இடமே இல்லை. அதை மெஷினின் குற்றம் என்று தூக்கி மூலையில் வைக்க வேண்டியதில்லை. இங்க்ஸ்கேப் இலவசம், தமிழ் எழுத்தை உடைக்காது, எக்ஸ்டென்ஷன்ஸ் மெனுவில் எக்ஸ்போர்ட் என்ற இடத்தில் ப்ளாட் என்று ஒன்று இருக்கிறது, ஹெச்பிஜிஎல் பேசுகிற மெஷினுக்கு அதிலிருந்தே நேரே அனுப்பலாம். இங்க்கட் என்று இன்னொரு இலவச மென்பொருளும் இருக்கிறது, சில்லவுட் மெஷினுக்கென்று தன்னார்வலர்கள் எழுதிய தனி எக்ஸ்டென்ஷனும் உண்டு. சிக்கல் வருகிற இடம் வயர். வெளியே யூஎஸ்பியாகத் தெரிந்தாலும் இந்த மெஷின்களில் பலவற்றின் உள்ளே பழைய சீரியல் போர்ட்தான். சிஎச்340 போன்ற சில்லுக்கு உரிய டிரைவரைப் போட வேண்டும், காம் 3, காம் 5 என்று எந்த எண்ணில் வந்திருக்கிறது என்று பார்க்க வேண்டும், இரண்டு பக்கமும் வேகம் ஒன்றாக இருக்க வேண்டும், பெரும்பாலும் 9600. வேறு யூஎஸ்பி ஓட்டையில் செருகினால் எண் மாறிவிடும், நேற்று ஓடிய மெஷின் இன்று ஓடவில்லை என்று வருகிற பல பேருக்கு விஷயம் இவ்வளவுதான். நீளமான வேலையில் பாதியில் நின்றுபோனாலோ கண்டபடி கோடு இழுத்தாலோ, பெரும்பாலும் கம்ப்யூட்டர் அனுப்புகிற வேகத்துக்கு மெஷின் ஈடுகொடுக்கவில்லை என்று அர்த்தம், ஃப்ளோ கன்ட்ரோல் என்ற அமைப்பைப் பார்க்க வேண்டும்.

கத்தி மெஷின் தொல்லையே வேண்டாம், லேசர் வாங்கிக்கொள்கிறேன் என்று ஒரு தம்பி சொன்னான். லேசருக்கும் இதே வரைந்த கோடுதான், இதே சேர்க்கும் வேலைதான். ஆனால் நாம் போர்டுக்குப் பயன்படுத்துகிற வினைல் பிவிசி, அதை லேசரில் சுட்டால் ஹைட்ரஜன் குளோரைடு வாயு வரும், மூச்சுக்கும் கேடு, மெஷினையும் அரித்துவிடும். மரம், அக்ரிலிக் வெட்ட வாங்குவதென்றால் வாங்குங்கள், வினைலை மட்டும் அதில் வைத்துவிடாதீர்கள்.

எல்லாம் யூடியூபில் இருக்கிறதே என்று சிலர் சொல்வார்கள். இருக்கிறது, ஆனால் தேடுவதற்கு முதலில் எது கெட்டுப்போயிருக்கிறது என்று தெரிய வேண்டும். கொம்பு பின்னால் போகிறது, விசிறி பிளக்கிறது என்பதை ஆங்கிலத்தில் எப்படித் தேடுவது? வெட்டுகிற வீடியோக்களில் யாருடைய எழுத்துக்கும் கொம்பு கிடையாது.

ஆகவே கேட்பது மூன்று பேரிடம். உதவித்திட்டத்தில் மெஷின் கொடுக்கும் அமைப்புகள், மெஷினோடு ஒரே ஒரு நாளாவது இந்த நடுப்பகுதியைத் தமிழில் சொல்லிக்கொடுங்கள். பயிற்சி முடிந்ததற்கு அடையாளமாகச் சான்றிதழைக் காட்டாமல், அவர்களே தமிழில் தட்டி, சேர்த்து, அனுப்பி, வெட்டி எடுத்த ஒரு பெயரைக் காட்டச் சொல்லுங்கள். அரசாங்கத் தொழிற்பயிற்சி நிலையங்களில் படிக்கிற நம் பிள்ளைகள், கிராஃபிக் வகுப்பில் தமிழ் எழுத்து வேலை ஒன்றாவது செய்ய விடுங்கள் என்று ஆசிரியரிடம் கேளுங்கள், கேட்டால் மறுக்கமாட்டார்கள். மூன்றாவது நீங்கள், ஆசிரியர் அவர்களே. பத்திரிகைக்காரர்களுக்கு எழுத்துரு உடைகிற கஷ்டம் எங்களைவிட நன்றாகத் தெரியும், ஞாயிறு பதிப்பில் எப்போதாவது அரைப் பக்கம் ஒதுக்கினால் இதைப் படம் போட்டு விளக்கலாம், எழுதித் தர நான் தயார், ஈப்போவிலும் தைப்பிங்கிலும் என்னைவிட நன்றாகத் தெரிந்த கடைக்காரர்கள் இருக்கிறார்கள், அவர்களையும் கேளுங்கள்.

அதுவரை சுங்கை சிப்புட் பக்கம் இருப்பவர்கள் மெஷின் ஓடவில்லை என்றால் கடைக்கு வரலாம், கேள்வி கேட்பதற்குக் காசு வாங்கமாட்டேன். ஆனால் மெஷினை மட்டும் தூக்கிக்கொண்டு வராதீர்கள், லேப்டாப்பையும் வயரையும் சேர்த்துக் கொண்டுவாருங்கள்.

இப்படிக்கு,
ஸ்டிக்கர் கடைக்காரர்,
சுங்கை சிப்புட், பேராக்